ஈப்பர் போர்க்களத்துக்கு ஒரு நாள்: பெரிய பேருந்தா, சிறு குழுவா, தனி வழிகாட்டியா, சைக்கிளா?

பெல்ஜியத்தின் மேற்கு ஃபிளாண்டர்ஸ் மாகாணத்தில் இருக்கும் ஈப்பர் என்ற சிறு நகரத்தைச் சுற்றிய வயல்களில், முதல் உலகப் போரின் நான்கு ஆண்டுகளிலும் லட்சக்கணக்கான வீரர்கள் மடிந்தார்கள். ஐரோப்பியப் பயணத்தில் ஒரே ஒரு நாளை இந்த மண்ணுக்கென்று ஒதுக்க நினைப்பவர்கள், பிரஸ்ஸல்ஸிலிருந்தோ புரூஜ்ஜிலிருந்தோ கிளம்பும் பெரிய சுற்றுலாப் பேருந்தில் ஏறிவிடலாமா, ஈப்பருக்கே போய் அங்கிருந்து புறப்படும் சிறு குழுவோடு சேரலாமா, தனி வழிகாட்டியை அமர்த்திக்கொள்ளலாமா, யாரும் வேண்டாம் என்று சைக்கிளில் சுற்றலாமா என்று குழம்புவது இயல்பு. முதல் முறை பேருந்திலும், சில ஆண்டுகள் கழித்துச் சிறு குழுவிலும், அதற்கு அடுத்த நாள் சைக்கிளிலும் இந்த இடங்களைப் பார்த்தவன் என்ற முறையில், இவற்றுள் எது யாருக்குப் பொருந்தும் என்பதை எழுதுகிறேன். சிறு குழுவே பெரும்பாலானவர்களுக்கு ஏற்றது என்பது என் முடிவு. அதற்கான காரணம் அந்த நிலத்தின் தன்மையிலேயே இருப்பதால், நிலத்திலிருந்தே தொடங்க வேண்டியிருக்கிறது.

ஈப்பரில் கண்ணுக்குத் தெரிகிற போர்க்களம் என்று ஏறக்குறைய எதுவும் இல்லை. கோட்டை கிடையாது, இடிந்த மதில் கிடையாது. மக்காச்சோளக் கொல்லைகள், மேய்ச்சல் நிலம், ஆங்காங்கே சிவப்புச் செங்கல் வீடுகள், அவற்றுக்கு இடையே திடீரென்று ஒரு வெள்ளைக் கல்லறை வரிசை, இவ்வளவுதான். வரலாற்று நூல்கள் 'முகடு' என்று குறிப்பிடும் பாஸ்ஷெண்டேல் மேடு, ஈப்பர் நகரத்தைவிட நாற்பது மீட்டருக்கு மேல் உயராத ஒரு மென்சரிவு. பேருந்தின் சன்னல் வழியாகப் பார்த்தால் அது மேடு என்றே தோன்றாது. ஆனால் அந்தச் சிறு உயரத்தைக் கையில் வைத்திருந்த ஜெர்மானியப் படை, கீழே சமவெளியில் நடமாடிய ஒவ்வொரு வண்டியையும் பார்த்துக் குறிவைக்க முடிந்தது. அந்தச் சரிவில் ஏறத்தான் 1917 ஜூலை 31 அன்று பிரிட்டிஷ் தரப்பின் தாக்குதல் தொடங்கியது. களிமண் நிலத்தின் வடிகால்கள் எல்லாம் பீரங்கிக் குண்டுகளால் சிதைந்து, மேலே மழையும் விடாமல் கொட்டி, வயல்கள் ஆளையும் குதிரையையும் விழுங்கும் சேறாக மாறின. ஏறக்குறைய எட்டு கிலோமீட்டர் முன்னேறி நவம்பர் 10 அன்று அந்தப் போர் முடிந்தது. இவ்வளவையும் ஒரு மக்காச்சோளக் கொல்லையைப் பார்த்து யாரும் தாமாக உணர்ந்துவிட முடியாது. ஆகவே, எத்தனை இடங்களுக்கு அழைத்துப் போகிறார்கள் என்பதைவிட, நிற்கிற இடத்தின் மேடு பள்ளத்தை நம் கண்ணுக்குப் புலப்படுத்த ஓர் ஆள் இருக்கிறாரா, அதைக் கேட்டுப் புரிந்துகொள்ள நேரம் இருக்கிறதா என்பதே இந்த நாளின் தரத்தைத் தீர்மானிக்கிறது.

பெரிய பேருந்தை இந்த அளவுகோலால் பார்ப்போம். பிரஸ்ஸல்ஸிலிருந்து ஈப்பர் சுமார் 120 கிலோமீட்டர். நகர நெரிசலையும் சேர்த்துப் போக வர நான்கு மணி நேரம் ஆகிவிடும். காலை எட்டு மணிக்குக் கிளம்பி மாலை ஏழு மணிக்குத் திரும்பும் பயணத்தில், மதிய உணவுக்கும், ஐம்பது பேர் ஏறி இறங்குவதற்கும், கழிப்பறை வரிசைக்கும் போக, மண்ணில் கால் ஊன்றி நிற்கும் நேரம் நான்கு மணி நேரம் தேறினால் பெரிது. புரூஜ்ஜிலிருந்து கிளம்பும் பேருந்துகளில் ஒரு வழிப் பயணம் ஒரு மணி நேரத்துக்குள் முடிந்துவிடுவதால் இந்தக் கணக்கு கணிசமாக மேம்படும். பேருந்துதான் என்று முடிவு செய்தவர்கள் முந்திய இரவை புரூஜ்ஜில் கழிப்பது நல்லது.

என் முதல் பயணத்தில் எங்கள் வழிகாட்டி நன்கு படித்தவர், குரலிலும் ஈடுபாடு இருந்தது. குறை அவரிடம் இல்லை, எண்ணிக்கையில் இருந்தது. ஈப்பருக்கு வெளியே கால்வாய்க் கரையில் எஸ்ஸெக்ஸ் ஃபார்ம் என்ற இடம் இருக்கிறது. கனடா ராணுவ மருத்துவரான ஜான் மெக்ரே, 1915 மே மாதத்தில், பாப்பிப் பூக்களைப் பற்றிய தம் கவிதையை எழுதியது இங்கே பணியாற்றியபோதுதான். காயம்பட்டவர்களுக்கு முதலுதவி செய்த கான்கிரீட் அறைகள் கரைச் சரிவில் இன்றும் இருக்கின்றன. அவை அவர் காலத்துக்குப் பிறகு கட்டப்பட்டவை என்றாலும், அந்தத் தாழ்ந்த கூரைக்குக் கீழே, ஈரம் கசியும் சுவரை ஒட்டி நிற்கும்போதுதான் காயம்பட்டவரின் நிலை நமக்கு உறைக்கிறது. ஆனால் ஓர் அறையில் ஒரு நேரத்தில் ஐந்தாறு பேருக்கு மேல் நிற்க முடியாது. நாற்பத்தெட்டு பேர் வரிசையில் நின்றோம். ஒதுக்கப்பட்ட இருபது நிமிடமும் வரிசையிலேயே தீர்ந்து, பின்னால் நின்ற பாதிப் பேர் உள்ளே எட்டிப் பார்க்காமலே வண்டிக்குத் திரும்பினோம். அருகில் இருக்கும் கல்லறைத் தோட்டத்தில் பதினைந்து வயதில் இறந்த ஒரு சிறுவன் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறான் என்பதை, வண்டி கிளம்பிய பிறகு ஒலிபெருக்கியில் கேட்டுத் தெரிந்துகொண்டேன்.

அந்த நாளின் இன்னொரு ஏமாற்றம், மாலை நிகழ்ச்சி. போரில் மாண்டோரின் நினைவாக ஈப்பரில் எழுப்பிய மெனின் வாயிலில் ஒவ்வொரு நாளும் இரவு எட்டு மணிக்கு இறந்தோருக்கான எக்காள இசை ஒலிக்கிறது. 1928இல் தொடங்கி 1929 முதல் நிலைபெற்ற இந்த வழக்கம், இரண்டாம் உலகப் போரில் ஜெர்மனி நகரைப் பிடித்திருந்த ஆண்டுகளைத் தவிர, ஈப்பரில் நின்றதில்லை. 1944 செப்டம்பர் 6 அன்று போலந்துப் படை நகரை மீட்ட அதே மாலையில், நகரின் ஒரு பக்கம் சண்டை ஓயாத நிலையிலேயே அது மீண்டும் தொடங்கிவிட்டது. இதைக் காணாமல் ஈப்பரிலிருந்து திரும்புவது என்னைப் பொறுத்தவரை பெரிய இழப்பு. ஆனால் பகல் சுற்றுலாப் பேருந்துகள் பல, ஐந்து மணிக்கெல்லாம் திரும்பிவிடுகின்றன. இதில் நிறுவனத்தின் அலட்சியத்தை மட்டும் குறை சொல்ல முடியாது. ஐரோப்பிய ஒன்றியச் சட்டப்படி பேருந்து ஓட்டுநருக்கு வழக்கமாக நாள்தோறும் தொடர்ந்து 11 மணி நேர ஓய்வு கிடைக்க வேண்டும். காலை ஏழு மணிக்கு வேலையில் இறங்கியவர் இரவு பத்தரைக்கு பிரஸ்ஸல்ஸ் திரும்பினால், அடுத்த நாள் காலைப் பயணத்துக்கு அவரை அனுப்ப முடியாது. அதனால் இந்த இசை நிகழ்ச்சியைச் சேர்த்த சுற்றுலாக்கள் காலையில் தாமதமாகவே கிளம்பும். விளம்பரத்தில் 'மெனின் வாயில்' என்று மட்டும் எழுதியிருந்தால், பகலில் வாயிலைக் காட்டிவிட்டுத் திரும்புவார்கள் என்றுதான் பொருள் கொள்ள வேண்டும்.

இத்தனை சொன்னாலும் பேருந்து யாருக்கும் உதவாது என்று சொல்லிவிட மாட்டேன். கோர்ட்ரெய்க் வழியாகச் செல்லும் ரயிலில் வண்டி மாறி ஏற இயலாத முதியவர்கள், பிரஸ்ஸல்ஸில் ஏற்கெனவே அறை எடுத்துப் பணம் கட்டியவர்கள், இந்தப் போரைப் பற்றி முன்பு எதுவும் படிக்காமல் ஓர் அறிமுகம் போதும் என்று நினைப்பவர்கள் ஆகியோருக்கு அது கௌரவமான வழிதான். டைன் காட், லாங்கமார்க் ஆகிய கல்லறைத் தோட்டங்கள் போன்ற முக்கிய இடங்களை எந்தச் சிரமமும் இல்லாமல் பார்த்துவிடலாம். டிசம்பர், ஜனவரி மாதங்களில் மட்டும் தவிர்க்கச் சொல்வேன். அப்போது ஐந்து, ஐந்தரை மணிக்கெல்லாம் சூரியன் மறைந்துவிடுவதால், வழியில் நெரிசலில் சிக்கினால் கடைசி இடத்தை இருட்டில்தான் பார்க்க நேரும்.

ஈப்பருக்கே ரயிலில் போய், நகரச் சதுக்கத்தின் அருகிலிருந்து கிளம்பும் எட்டுப் பேர் வேனில் ஏறுவது முற்றிலும் வேறு அனுபவம். பிரஸ்ஸல்ஸிலிருந்து ரயிலில் ஏறக்குறைய இரண்டு மணி நேரம். முந்திய நாளே வந்து தங்கினால் அதுவும் கணக்கில் வராது. இங்குள்ள சிறு குழுச் சுற்றுலாக்கள் பொதுவாகப் போர்முனையின் வட பாதியை ஒரு நேரமும் தென் பாதியை இன்னொரு நேரமுமாகப் பிரித்துக் காட்டும். போர்முனை நகரைச் சுற்றிக் கிழக்கே பிதுங்கி வளைந்திருந்ததால், எந்த இடமும் சதுக்கத்திலிருந்து கால் மணி, அரை மணி தூரத்துக்குள் இருக்கும். நான்கு மணி நேரச் சுற்றுலாவில் மூன்று மணி நேரத்துக்கு மேல் நாம் நிலத்தில் நிற்கிறோம். பேருந்து நுழைய முடியாத ஒற்றை வண்டிப் பாதைகளிலும் வேன் போகும். பண்ணை வீட்டின் பின்புறம், புல்பாதையில் நடந்து சேர வேண்டிய, முப்பது நாற்பது கற்கள் மட்டுமே உள்ள கல்லறைத் தோட்டங்கள் அங்கே இருக்கின்றன. டைன் காட்டின் பெருந்திரளில் மனம் மரத்துப்போகிறவர்களுக்கு, அந்தச் சிறிய இடங்களில்தான் ஒவ்வொரு கல்லும் ஓர் ஆளாகத் தெரியத் தொடங்கும்.

சிறு குழுவின் உண்மையான பயனை நான் உணர்ந்தது டைன் காட்டில்தான். காமன்வெல்த் நாடுகளின் போர்க் கல்லறைத் தோட்டங்களில் உலகிலேயே மிகப் பெரியது அது. ஏறக்குறைய 12,000 பேர் அங்கே அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார்கள், அவர்களில் 8,300 பேருக்கு மேற்பட்டவர்களின் பெயர் தெரியாது. பேருந்தில் வந்தபோது இந்த எண்களைக் கேட்டேன், வெள்ளைக் கற்களைப் படம் எடுத்தேன், திரும்பினேன். இரண்டாம் முறை வந்த வழிகாட்டி எண்களைச் சொல்லவே இல்லை. நடுவில் இருக்கும் பெரிய சிலுவையின் படிகளில் எங்களை ஏற்றி, திரும்பி நிற்கச் சொன்னார். சரிவின் கீழே, வயல்களுக்கு அப்பால், ஈப்பரின் கோபுரங்கள் தெரிந்தன. "இப்போது நீங்கள் ஜெர்மன் இயந்திரத் துப்பாக்கிக்காரர். அவர்கள் அங்கிருந்து உங்களை நோக்கி நடந்து வருகிறார்கள்" என்றார். பிறகு, நாங்கள் நின்ற படிகளுக்குக் கீழே விட்டுவைத்திருக்கும் ஒரு சிறு திறப்பைக் காட்டினார். பொளியப்பட்ட வெள்ளைக் கற்களுக்கு நடுவே கரடுமுரடான சாம்பல்நிறக் கான்கிரீட் தெரிந்தது. உண்மையான ஜெர்மன் காவலரண் ஒன்றின் மேல்தான் அந்தச் சிலுவை எழுப்பப்பட்டிருக்கிறது. 1922இல் இங்கே வந்த ஐந்தாம் ஜார்ஜ் மன்னரின் யோசனை அது. ஏழு பேராக இருந்ததால் ஒவ்வொருவரும் குனிந்து அந்தக் கான்கிரீட்டைத் தொட்டுப் பார்க்க நேரம் கிடைத்தது.

அடுத்து அவர் தம் சட்டைப் பையிலிருந்து எடுத்து என் உள்ளங்கையில் வைத்தது, கோலிக்குண்டைவிடச் சற்றுச் சிறிய, மங்கிய வெண்மை படிந்த ஓர் ஈயக் குண்டு. அளவுக்கு மீறிய கனம். பிரிட்டிஷ் கள பீரங்கியின் ஒரே ஒரு குண்டுக்குள் இதுபோல முந்நூறுக்கும் மேற்பட்டவை அடைக்கப்பட்டு, தலைக்கு மேலே வெடித்து மழையாக இறங்கும். உழவு நடந்த பிறகு மழை பெய்தால் வயல் ஓரங்களில் இவை இன்றும் தெரியும் என்றார். சிறு குழுவில் இத்தகைய ஒன்று கைக்குக் கை மாறும், அதைப் பற்றிக் கேள்வி கேட்கலாம், பதில் கிடைக்கும். ஐம்பது பேருக்கு அது சாத்தியமில்லை.

தென் பாதிச் சுற்றில் ஹில் 60 என்ற இடத்தைத் தவறவிடக் கூடாது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் ரயில் பாதைக்காக வெட்டிய மண்ணைக் கொட்டியதால் உருவான செயற்கை மேடு அது. கடல் மட்டத்திலிருந்து அறுபது மீட்டர் என்பதால் அந்தப் பெயர். அந்தக் குப்பை மேட்டுக்காக இரண்டு தரப்பும் மேலே சண்டையிட்டது போதாதென்று, அடியில் சுரங்கம் தோண்டியும் மோதின. 1917 ஜூன் 7 அதிகாலை 3.10 மணிக்கு மெஸீன் மேடு நெடுகிலும் 19 சுரங்க வெடிகள் அடுத்தடுத்து வெடித்தன. ஹில் 60 பகுதியின் பள்ளம் ஒன்று இன்று மரங்கள் சூழ்ந்த அமைதியான குளமாக இருக்கிறது. வெடிக்காமல் மண்ணுக்குள் தங்கிவிட்ட இன்னொரு சுரங்கம் 1955இல் இடி விழுந்து வெடித்தது, நல்லவேளையாக ஒரு பசுவைத் தவிர உயிர்ச்சேதம் இல்லை. ஹில் 60இல் நிலத்தை யாரும் சமன் செய்யாமல் விட்டிருப்பதால், புல் மூடிய குழிகளும் திட்டுகளும் அப்படியே இருக்கின்றன. நடந்தால் கால் தடுமாறும். முதல் பயணத்தில் இதைப் பார்க்கவே இல்லை, எங்கள் பேருந்தின் வழித்தடத்தில் அது சேர்க்கப்படவில்லை.

சிறு குழுவிலும் குறை உண்டு. யாருடைய கதையைச் சொல்வார்கள் என்பது பெரும்பாலும் வாடிக்கையாளர் யார் என்பதைப் பொறுத்தது. பிரிட்டன், கனடா, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து ஆகிய நாடுகளிலிருந்தே பெரும்பாலானோர் வருவதால், அந்த நாட்டுப் படைகளின் இடங்களைச் சுற்றியே பேச்சு அமையும். எதிர்த்தரப்பான ஜெர்மானியர்கள் எப்படி அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார்கள் என்பதைக் காட்டும் லாங்கமார்க் கல்லறைத் தோட்டத்தை வட பாதிச் சுற்றில் சேர்த்திருக்கிறார்களா என்று முன்பே பார்த்துக்கொள்ள வேண்டும். வெள்ளைக் கற்களும் ரோஜாச் செடிகளும் இல்லாத இடம் அது. ஓக் மரங்களின் நிழலில் தரையோடு தரையாகப் பதித்த கருங்கற்கள், 44,000க்கும் மேற்பட்டவர்கள், அவர்களில் ஏறக்குறைய 25,000 பேர் ஒரே பொதுக்குழியில். இந்த இடத்தையும் டைன் காட்டையும் ஒரே நாளில் பார்க்காதவர் ஈப்பரைப் பாதிதான் பார்த்தவர்.

இந்தியர்களின் கதையும் பெரும்பாலும் விடுபடும். 1914 அக்டோபரிலேயே இந்தியப் படைகள் இந்தப் போர்முனைக்கு வந்துவிட்டன. அந்த மாதம் 31ஆம் தேதி ஈப்பருக்குத் தெற்கே ஹொல்லெபெக்கில், தம் துப்பாக்கிக் குழுவில் மற்றவர்கள் அனைவரும் மடிந்த பிறகும் சுட்டுக்கொண்டிருந்த குதாதாத் கான், பிரிட்டனின் மிக உயர்ந்த வீர விருதான விக்டோரியா கிராஸ் பெற்ற முதல் இந்தியப் படைவீரர். 1915 ஏப்ரல் 22 அன்று ஈப்பருக்கு வடகிழக்கே ஜெர்மானியர்கள் குளோரின் வாயுவைத் திறந்துவிட்டார்கள். நான்கு நாள் கழித்து, தற்காப்புக்கு ஈரத் துணியைத் தவிர எதுவும் இல்லாத நிலையில் அந்த வாயுவுக்குள் எதிர்த்தாக்குதலுக்கு அனுப்பப்பட்டவர்களில் இந்தியப் படையின் லாகூர் டிவிஷனும் உண்டு. வாயுத் தாக்குதலைப் பற்றிப் பேசும் எல்லா வழிகாட்டிகளும் சென் ஜூலியனில் நிற்கும் கனடா வீரனின் உயர்ந்த கற்சிலைக்கு அழைத்துப் போகிறார்கள், போகவும் வேண்டும். ஆனால் லாகூர் டிவிஷனைப் பற்றி நாமாகக் கேட்டால்தான் சொல்கிறார்கள். சிறு குழுவில் கேட்க முடியும் என்பதே அதன் சிறப்பு. நான் கேட்டபோது எங்கள் வழிகாட்டி வரைபடத்தை விரித்து, அந்தப் படை எந்தச் சரிவில் ஏறியது என்று சாலையோரத்தில் நிறுத்திக் காட்டினார். மெனின் வாயிலை ஒட்டிய மதில் மேட்டில் இந்தியப் படைக்கான நினைவுச்சின்னமும் இருக்கிறது. அங்கே எந்தக் குழுவும் நிற்பதை நான் பார்க்கவில்லை, சுற்றுலா முடிந்தபின் நாமே ஐந்து நிமிடத்தில் நடந்து போய்விடலாம்.

தனி வழிகாட்டியின் கட்டணம், சிறு குழுவில் ஒருவர் கொடுப்பதைப்போலப் பல மடங்கு. நான்கைந்து பேர் கொண்ட குடும்பமாகப் பகிர்ந்துகொண்டால் வேறுபாடு பெரிதும் குறைந்துவிடும். பொதுவான ஆர்வத்தோடு வரும் ஒருவர், இருவருக்கு இந்தச் செலவு தேவையில்லை என்று நினைக்கிறேன். ஆனால் தேடுவதற்கு ஒரு பெயர் இருப்பவர்களுக்கு இதைவிட நல்ல வழி இல்லை. காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையத்தின் இணையத் தேடலில் பெயரையும் படைப்பிரிவையும் இட்டால், எந்தத் தோட்டத்தில் எந்தப் பகுதி, எந்த வரிசை, எத்தனையாவது கல் என்பது வரை கட்டணமில்லாமல் கிடைக்கும். பெரிய தோட்டங்களின் வாயிலில் சுவரில் பதித்த சிறு வெண்கலக் கதவைத் திறந்தால் பெயர்ப் பதிவேடும் இருக்கும். உடல் கிடைக்காதவர்களின் பெயர் சுவரில் இருக்கும். பிரிட்டிஷ் வீரர் 1917 ஆகஸ்ட் 15 வரை மாண்டவர் என்றால் பொதுவாக மெனின் வாயிலில் உள்ள 54,000க்கும் மேற்பட்ட பெயர்களுக்கு நடுவே, அதற்குப் பிறகு என்றால் டைன் காட்டின் பின்சுவரில் உள்ள ஏறக்குறைய 35,000 பெயர்களுக்கு நடுவே தேட வேண்டும். இந்திய வீரர்களின் பெயர்களை அன்றைய எழுத்தர்கள் காதில் விழுந்தபடி எழுதிவைத்திருப்பதால், பெயரைவிடப் படைப்பிரிவையும் பணி எண்ணையும் கொண்டு தேடுவதே பயன் தரும்.

இந்திய நினைவிடங்களுக்காகவே வருபவர்களும் தனி வழிகாட்டியைத்தான் நாட வேண்டும். ஏனெனில் அவர்களுக்கு முக்கியமான இடம் ஈப்பரில் இல்லை, எல்லைக்கு அப்பால் பிரான்சில், சுமார் 40 கிலோமீட்டர் தூரத்தில் இருக்கும் நவ் ஷபேலில் இருக்கிறது. 1915 மார்ச் 10 முதல் 13 வரை நடந்த தாக்குதலில் போரிட்ட படையில் ஏறக்குறைய பாதிப் பேர் இந்தியர்கள். 1927இல் திறக்கப்பட்ட அங்குள்ள வட்ட வடிவ நினைவகத்தின் சுவரில், மேற்குப் போர்முனையில் மாண்டு கல்லறை கிடைக்காத சுமார் 4,700 இந்தியர்களின் பெயர்கள் பொறிக்கப்பட்டிருக்கின்றன. தாமரைத் தலைப்பு கொண்ட உயர்ந்த தூணும், அதன் இருபுறமும் அமர்ந்திருக்கும் கற்புலிகளும், கோயில் பிராகாரம் போலச் சுற்றிவரும் சன்னல் வேலைப்பாடும், சாலைச் சந்திப்பு ஒன்றின் ஓரத்தில் தனியாக நிற்கின்றன. ஈப்பரிலிருந்து கிளம்பும் வழக்கமான குழுச் சுற்றுலாக்கள் அவ்வளவு தூரம் தெற்கே இறங்குவதில்லை.

சைக்கிளைப் பற்றி நிறையச் சொல்ல விருப்பம் உண்டு, ஆனால் முதல் நாளுக்கு அதைப் பரிந்துரைக்க மாட்டேன். வழிகாட்டி இல்லாமல் போனால் மக்காச்சோளக் கொல்லைதான் மிஞ்சும். ஒரு நாள் கேட்டுவிட்டு மறுநாள் சைக்கிளில் போனால், கேட்டது அத்தனையும் கால்களுக்குத் தெரியவரும். சைக்கிள் வாடகைக்குக் கிடைக்கிறது, ஊர்ப் பாதைகளின் சந்திப்புகளுக்கெல்லாம் எண் கொடுத்துப் பலகை வைத்திருக்கிறார்கள், போகும் எண்களை ஒரு தாளில் எழுதிக்கொண்டால் வரைபடம் தேவையில்லை. நகரத்திலிருந்து ஸொன்னெபெக் வழியாக பாஸ்ஷெண்டேல் வரை மெதுவாக மிதித்தேன். சமதளம் என்று நினைத்த பாதை, ஸொன்னெபெக்கைத் தாண்டியதும் தொடையில் லேசாகக் கனக்கத் தொடங்கியது. அப்போதுதான் அந்தச் சரிவை முதன்முறையாக உடம்பால் அறிந்தேன். வழியில் நின்ற நேரத்தைக் கழித்தால் ஒரு மணி நேரத்துக்குள் ஊர் வந்துவிட்டது. 1917இல் அந்த ஊரை நவம்பர் 6 அன்று கனடாப் படை கைப்பற்ற மூன்று மாதத்துக்கு மேல் ஆயிற்று. மறு ஆண்டு ஏப்ரலில் ஜெர்மானியர்கள் புதிதாகத் தாக்கியபோது, பிடித்த அந்த நிலம் முழுவதையும் பிரிட்டிஷ் தரப்பு சில நாட்களில் விட்டுப் பின்வாங்கியது.

சைக்கிளில் செல்பவர்களுக்கு ஒரு கண்டிப்பான எச்சரிக்கை. வயல் ஓரத்தில், மின்கம்பத்தின் அடியில், துருப்பிடித்த நீள்குண்டுகள் இரண்டு மூன்று சாத்தி வைக்கப்பட்டிருப்பதைப் பார்க்க நேரலாம். உழும்போது அகப்பட்டவற்றை, ராணுவ வெடிகுண்டு அகற்றும் பிரிவு வந்து எடுத்துப்போவதற்காக விவசாயிகள் வைத்தவை அவை. சிலவற்றுக்குள் நச்சு வாயு இன்னும் இருக்கிறது. தொடவோ, பக்கத்தில் நின்று படம் எடுக்கவோ கூடாது. வாடகைக் காரைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. மழை நாளில் சைக்கிளுக்கு மாற்று, ஆனால் ஓட்டுபவருக்குச் சாலைதான் தெரியும்.

பிரான்சின் ஸொம் போர்க்களத்தையும் ஈப்பரையும் ஒரே நாளில் காட்டுவதாகச் சொல்லும் பயணங்களை எந்த வகையானாலும் தவிர்த்துவிடுங்கள். இரண்டும் தனித்தனியே ஒரு நாளுக்கும் போதாதவை. இடைப்பட்ட நெடுஞ்சாலை நேரத்தில் இரண்டையும் இழப்பீர்கள்.

ஒரே நாள் மட்டும் உள்ளவருக்கு நான் சொல்லும் ஏற்பாடு இது. முந்திய மாலையே ஈப்பருக்கு வந்து தங்கி, காலையில் சதுக்கத்தில் இருக்கும் துணி மண்டபத்து அருங்காட்சியகத்தை ஒன்றரை மணி நேரம் பார்த்துவிட வேண்டும். குண்டுவீச்சில் எலும்புக்கூடாகிப்போன அந்த மண்டபத்தைப் பழைய வடிவிலேயே எழுப்பி முடிக்க 1967 வரை ஆயிற்று. மதியம் வட பாதிச் சிறு குழுச் சுற்றுலாவில் சேர வேண்டும். எஸ்ஸெக்ஸ் ஃபார்மும், சென் ஜூலியனும், லாங்கமார்க்கும், டைன் காட்டும் அந்தப் பாதியிலேயே இருப்பதால், இரண்டில் ஒன்றைத்தான் தேர வேண்டும் என்றால் அதுவே சரி. முழு நாளும் கொடுக்க முடிந்தால் தென் பாதியைக் காலையில் முடித்து, அருங்காட்சியகத்தை விட்டுவிடலாம்.

முன்பதிவுக்கு முன் நிறுவனத்துக்கு ஒரு சிறு கடிதம் எழுதுங்கள். அதிகபட்சம் எத்தனை பேர், ஓட்டுபவரே வழிகாட்டியா இல்லை வேறு ஒருவரா, டைன் காட்டிலும் லாங்கமார்க்கிலும் எத்தனை நிமிடம் நிற்பீர்கள், இந்தியப் படை போரிட்ட சரிவைக் காட்ட முடியுமா என்று கேளுங்கள். நிமிடக் கணக்கைச் சொல்லத் தயங்காதவர்களை நம்பலாம். பிரிட்டனில் போர்க்கள வழிகாட்டிகளுக்கென்றே ஒரு சங்கம் இருக்கிறது, தேர்வு வைத்துச் சின்னம் கொடுக்கிறார்கள். அந்தச் சின்னம் பெற்றவர் என்றால் நல்லது, இல்லாத உள்ளூர்க்காரர்களிலும் மிகச் சிறந்தவர்கள் உண்டு.

சுற்றுலா ஆறு மணிக்குள் முடிந்துவிடும். உணவை முடித்துக்கொண்டு ஏழேகாலுக்கெல்லாம் மெனின் வாயிலுக்குப் போய்விடுங்கள், கோடையில் அதற்குப் பிறகு வருபவர்களுக்கு முன்வரிசை கிடைக்காது. தனியாக வருபவர்களுக்குச் சீட்டோ கட்டணமோ கிடையாது. எட்டு மணிக்குச் சற்று முன் காவலர்கள் சாலையை மறித்துப் போக்குவரத்தை நிறுத்துவார்கள். முடிந்ததும் யாரும் கைதட்டுவதில்லை.